கடலுக்கு இறங்கும் சாலை

அக்டோபர் 3, வியாழன்

ஓரக் கால்வாயில் அடைத்திருந்த மண்ணை எடுக்கவே முற்பகல் முழுக்கப் போய்விட்டது. புதுச் சாலை, அதற்குள் மலை தன் வேலையைக் காட்டுகிறது. மேஸ்திரி சொல்கிறார்: "மேடம், மலை இன்னும் நம்மள ஒத்துக்கல. கொஞ்சம் கொஞ்சமா கல்ல விட்டெறிஞ்சு பாக்குது."

எல்லை ஊரிலிருந்து கணவாய் ஏறி, காட்டுக்குள் வளைந்து வளைந்து இறங்கி, கடலோரக் குடியிருப்புகள் வரை போகிற இந்த நெடுஞ்சாலை திறந்து இரண்டு மாதம்தான் ஆகிறது. கணவாயிலிருந்து கடல் வரை பராமரிப்பு என் பொறுப்பு. பதவியின் பெயர் பெரிது. அலுவலகமோ காட்டோரம் நிறுத்திவைத்த ஒரு தகரப் பெட்டி. உள்ளே ஒரு மேசை, ஒரு கட்டில், ஒரு மின்விசிறி. மின்விசிறி சுற்றினால் பெட்டியும் சேர்ந்து ஆடும். வார இறுதியில் மட்டும் எல்லை ஊருக்கு, வீட்டுக்கு. என் கணவர் அங்கே மூக்குக் கண்ணாடிக் கடை வைத்திருக்கிறார். மகள் பன்னிரண்டாம் வகுப்பு.

மாலையில் கணவாய்க்குப் போனேன், வேலை எதுவும் இல்லாமலேயே. அங்கே நின்றால் ஒரு பக்கம் எங்கள் ஊரின் சோதனைச் சாவடி, லாரி வரிசை, கூரைகள். அப்படியே திரும்பினால் கடல். சின்ன வயதிலிருந்து கடல் எங்கே என்று கேட்டால் எல்லோரும் மலையைத்தான் கைகாட்டுவார்கள் — "அதுக்கு அந்தப் பக்கம்." அவ்வளவுதான் எங்களுக்குக் கடல். இப்போது பஸ்ஸில் ஒரு தூக்கம் போட்டு எழுந்தால் கடல் வந்துவிடுகிறது.

வாய் பிளந்து நிற்பதற்கு எனக்குச் சம்பளம் தருகிறார்கள்.

அக்டோபர் 6, ஞாயிறு

வீடு. கடைத்தெருவில் கடல் மீன் வந்து இறங்குவதைப் பார்க்க இன்னும் கூட்டம் கூடுகிறது. முன்பெல்லாம் எங்களுக்குக் கடல் மீன் என்றால் உப்பில் விறைத்துப்போன ஏதோ ஒன்று. அவர் ஒரு மீனைத் தூக்கி முகத்துக்கு நேராகப் பிடித்தார். "கண்ணப் பாரு, எவ்வளவு தெளிவு. இதுக்கெல்லாம் என் கடைப் பக்கம் வேலையே இல்ல." மீன்காரர் சிரித்துவிட்டார். மகள், இவர் யாரோ என்பதுபோல் நான்கு கடை தள்ளிப் போய் நின்றுகொண்டாள்.

அக்டோபர் 11, வெள்ளி

மீன் வண்டி ஓட்டுநர் ஒருவரோடு வாய்ச்சண்டை. ஊரே அவரைப் புயல் என்றுதான் கூப்பிடுகிறது. அந்தப் பெயருக்குக் கெட்ட பெயர் வந்துவிடக் கூடாது என்பதுபோல் ஓட்டுகிறார். காட்டு வளைவில் இறங்கி நின்று கையைக் காட்டி நிறுத்தினேன். வேக அறிவிப்புப் பலகை கண்ணில் படவில்லையா என்று கேட்டேன்.

"எனக்குப் படுது மேடம். ஐஸுக்குத்தான் படிக்கத் தெரியல. அது பாட்டுக்கு உருகுது."

சிரிப்பு வந்துவிட்டது. அடக்கிக்கொண்டு திட்டினேன். பின்னால் நின்ற பஸ்ஸின் ஜன்னலிலிருந்து பெரியக்கா தலையை நீட்டினார். கடலோரப் பெண்கள் சங்கத்தின் தலைவி. மீன் ஏற்றுவது, ஐஸ் வாங்குவது, சண்டை தீர்ப்பது எல்லாம் அவர்தான்.

"நல்லாக் கேளு தங்கச்சி. வண்டியில இருக்கற மீனுதான் எங்களது. அவன் உசுரு அவன் பொண்டாட்டியோடது."

இந்தச் சாலையைக் கேட்டுக் கேட்டுத் தலை நரைத்தவர் அவர். படகில் ஏற்றிய நோயாளிகள் பாதிக் கடலிலேயே போய்விட்டதைப் பார்த்தவர். தார் போட்ட அன்று குனிந்து அதைத் தொட்டுப் பார்த்தார், கை சுட்டது என்று சொல்லிக்கொண்டே மறுபடி தொட்டார் — நானே பார்த்தேன்.

அக்டோபர் 22, செவ்வாய்

முதல் பெருமழை. தகரப் பெட்டிக்குள் உட்கார்ந்திருப்பது மேளத்துக்குள் உட்கார்ந்திருப்பது மாதிரி இருக்கிறது.

குளியலறையில் ஒரு சிவப்பு நண்டு. உள்ளங்கை அகலம். இவ்வளவு மேலே, காட்டுக்குள், நண்டா? மேஸ்திரியைக் கூப்பிட்டேன். "காட்டு நண்டு மேடம். வெயில் காலம் பூரா வளைக்குள்ள கெடக்கும். மழைக்கு வெளிய வந்து வழி தப்பிடுச்சு போல." துடைப்பத்தால் தள்ளினேன். இரண்டு கொடுக்கையும் தூக்கிக்கொண்டு சண்டைக்கு நின்றது. நான்தான் வெளியே வந்தேன்.

அக்டோபர் 24, வியாழன்

எப்படி எழுதுவது?

சத்தம்தான் முதலில். நன்றாக விடிந்திருக்கவில்லை. காய்ந்த சருகின்மேல் யாரோ நடக்கிற சத்தம் — ஒருவர் இல்லை, ஒரு ஊரே நடக்கிற மாதிரி. இரண்டு நாள் மழையில் சருகெல்லாம் ஊறிக் கிடக்கிறதே, காய்ந்த சத்தம் எங்கிருந்து வரும்? கதவைத் திறந்தேன். படிக்கட்டைக் காணோம். படி இருந்த இடத்தில் சிவப்பாக ஏதோ ஊர்ந்துகொண்டிருந்தது. நிமிர்ந்து பார்த்தால் காட்டின் தரை முழுக்க ஊர்ந்துகொண்டிருந்தது.

நண்டுகள். மரத்தடி, பாறை, புதர், எல்லா இடத்திலும். எல்லாம் ஒரே திசையில், கீழ்நோக்கி, கடலைப் பார்த்து.

வழி கிடைக்கும்வரை காத்திருந்துவிட்டுச் சாலைக்குப் போனேன். தார் தெரியவில்லை. மலைப் பக்கத் தடுப்புச் சுவரிலிருந்து கொத்துக் கொத்தாக விழுகின்றன, புரண்டு எழுகின்றன, உடனே நடக்கின்றன. ஒற்றைக் கொடுக்கு மட்டும் மிச்சமிருந்த ஒன்று, மற்றவற்றைவிட அவசரமாகப் போனது. நான் நடுச்சாலையில் நின்றேன். என்னை ஒரு பொருட்டாகவே மதிக்கவில்லை. ஆற்றின் நடுவில் கல் கிடந்தால் தண்ணீர் பிரிந்து சேருமே, அப்படி என் காலடியில் பிரிந்து, மறுபடி சேர்ந்து, போய்க்கொண்டே இருந்தன. யார் சொல்லியிருப்பார்கள் இவற்றுக்கு, இன்றைக்கு என்று? கடல் இங்கிருந்து தெரியாது. வாசனைகூட வராது.

அப்புறம் முதல் பஸ் வந்தது.

அந்தச் சத்தத்தை எழுத மாட்டேன்.

கொஞ்ச தூரத்தில் பஸ் ஒரு பக்கமாகச் சாய்ந்து நின்றது. டயரில் ஒரு கொடுக்கு ஆணி மாதிரி ஏறியிருந்தது. ஓட்டுநர் அதைப் பிடுங்கிக் கையில் வைத்துக்கொண்டு பார்த்தபடியே நின்றார். வெயில் ஏறியதும் உயிரோடு இருந்தவை நிழலுக்குள் போய் அடங்கிவிட்டன. சாலையில் மிச்சமிருந்தது நசுங்கியவை மட்டும். மாலை வெயில் தாழ்ந்ததும் மறுபடி தொடங்கியது.

பெரியக்காவுக்குப் போன் செய்தேன். "முட்டை விடக் கரைக்கு வரும், அது தெரியும். ஆனா எங்கேருந்து வருது, எவ்வளவு வருதுன்னு யாரு போய்ப் பாத்தா? மழை நேரத்துல அந்தக் காட்டுக்குள்ள எவன் போவான்?" சாலைக்கு அளவெடுத்தது கோடையில். அப்போது இவை எல்லாமே மண்ணுக்கடியில். யாருக்குமே தெரியாமல் இத்தனை காலமாக நடந்துகொண்டிருந்திருக்கிறது. நாம் போய் நடுவில் ஒரு சாலையைப் போட்டிருக்கிறோம்.

மண்டலப் பொறியாளரிடமும் பேசினேன். அலுவலகத்தில் அவருக்கு மண்டலம் என்றே பெயர். காலையும் மாலையும் சில மணி நேரம், இந்த வாரம் மட்டும் மூடலாமா என்று கேட்டேன்.

"திறந்து மூணு மாசம் ஆகல. நண்டு குறுக்க வந்துச்சு, அதனால மூடினோம்னு நான் மேல எழுதணுமாம்மா? சிரிக்க மாட்டாங்களா?"

"வந்து ஒரு தடவ பாருங்க சார்."

"எனக்கு வேற வேலை இருக்கும்மா."

அக்டோபர் 25, வெள்ளி

மூடிவிட்டேன்.

விடியும்போதே இரண்டு பக்கமும் சாலைக்குக் குறுக்கே தடுப்புக் கம்பத்தை இறக்கிவிட்டோம், கீழே மேஸ்திரி, மேலே நான். வெயில் ஏறியதும் பெருக்கித் திறந்தோம். மாலையும் அப்படியே. ஓட்டுநர்கள் கத்தினார்கள். சிலர் இறங்கி வந்து பார்த்துவிட்டு, அங்கேயே ஓரமாக நின்றுகொண்டார்கள். சிலர் பார்க்கவே மறுத்தார்கள். புயல் ஹார்னை விடாமல் அழுத்தினார்.

பெரியக்கா நேரிலேயே வந்துவிட்டார். இவ்வளவு கோபத்தில் நான் அவரைப் பார்த்ததில்லை.

"நாங்க கேட்டு வாங்கின ரோடு இது. எங்க புள்ளைங்க பொழப்பு இது. நண்டுக்கு விட்டுக்குடுன்னு நீ யாரு சொல்றதுக்கு? ஐஸ் மெஷின் வேற நின்னுபோச்சு. இன்னிக்கு ஏத்தின மீன்ல பாதி போய்ச் சேரவே சேராது."

அவர் சொன்னதில் ஒரு வார்த்தை தப்பில்லை. நான் செய்ததும் தப்பென்று தோன்றவில்லை. இரண்டும் எப்படி ஒரே நேரத்தில் சரியாக இருக்கும்?

மாலை, அனுமதியில்லாமல் மூடியதற்கு விளக்கம் கேட்டு அலுவலகத்திலிருந்து குறிப்பு வந்துவிட்டது. வீட்டுக்கு, என் கணவரிடம் போனில் சொன்னேன். "வேலை போனா கடைக்கு வந்துடு. கண்ணாடி தொடைக்க ஆள் இல்ல" என்றார். அப்புறம் குரலை மாற்றி, "சாப்பிட்டியா?" என்றார். அந்தக் கேள்விக்குத்தான் எனக்கு அழுகை வந்தது.

அக்டோபர் 26, சனி

நாளைக்கு எழுதுகிறேன். உயிர் இருக்கிறது, அதுவரைக்கும் போதும்.

அக்டோபர் 27, ஞாயிறு

வீட்டில் இருக்கிறேன். மகள் பக்கத்தில் உட்கார்ந்து படிக்கிற மாதிரி பாவனை செய்கிறாள்.

நேற்றுக் காலை. கீழ்ப் பக்கம் வண்டிகள் நின்றிருந்தன. மேஸ்திரி ஒரு லாரிக்காரரோடு பேசிக்கொண்டிருந்த நேரத்தில் புயல் இறங்கி வந்து, தானே கம்பத்தைத் தூக்கிவிட்டு, வண்டியை எடுத்துவிட்டார். மேஸ்திரி கத்திக்கொண்டே பின்னால் ஓடியிருக்கிறார். காட்டு வளைவு ஏற்றமும் திருப்பமும் சேர்ந்த இடம். நசுங்கின நண்டு சக்கரத்துக்கடியில் எண்ணெய் மாதிரி. நான் மேல் பக்கத்திலிருந்து பார்த்துக்கொண்டே இருக்கிறேன் — வண்டி ஏறுகிறது, பின்பக்கம் மட்டும் மெதுவாக, ரொம்ப மெதுவாக ஒதுங்குகிறது, அப்படியே மலைச் சுவரில் மோதிச் சாய்கிறது. பள்ளத்துப் பக்கம் சாய்ந்திருந்தால் — வேண்டாம்.

ஓடினேன். எதை மிதித்தேன், எதை மிதிக்கவில்லை, எனக்குத் தெரியாது. கதவு மடங்கி அவருடைய காலை முட்டிக்குக் கீழே பிடித்திருந்தது. ரத்தம். மேஸ்திரியும் லாரிக்காரர்களும் கடப்பாரையால் நெம்பி வெளியே எடுத்தார்கள். வண்டியின் மீன் பெட்டிகளிலிருந்து சரிந்த மீன் சாலை முழுக்க. நண்டுகள் மீனையும் சுற்றிக்கொண்டு போய்க்கொண்டிருந்தன.

எல்லை ஊரிலிருந்து ஆம்புலன்ஸ் வந்து மேல் பக்கம் நின்றது. எங்களுக்கும் அதற்கும் நடுவில் ஒரு முழுச் சரிவு, சிவப்பாக. தூக்கிக்கொண்டு வரலாமா என்று கேட்டேன். கூட வந்த செவிலியர் நடந்தே இறங்கி வந்து பார்த்துவிட்டு, "இடுப்பும் அடிபட்டிருக்கு. இவ்வளவு தூரம் தூக்கக் கூடாது. வண்டி கிட்ட வரணும்" என்றார். ஆம்புலன்ஸ் ஓட்டுநர் போனில் சொன்னார்: "நண்டு மேல வண்டிய ஏத்திக்கிட்டு வரச் சொன்னா வரேன் மேடம். ஆனா அந்த வண்டி எப்படிக் கவுந்துச்சுன்னு எனக்கும் தெரியும்."

அப்போதுதான் பெரியக்கா. கீழே காத்திருந்த பஸ்ஸில் அவர் இருந்திருக்கிறார். சங்கத்துப் பெண்களோடு மேலே ஏறி வந்தார். எல்லோர் கையிலும் ஏதோ ஒன்று — பஸ்ஸைக் கூட்டுகிற விளக்குமாறு, மரக்கிளை, மீன் கூடையின் மூடி. என்னைப் பார்த்து ஒரே ஒரு கேள்வி: "எங்கேருந்து பெருக்கணும்?"

பெருக்கினோம். ஒரு கை பெருக்கினால் அடுத்த நிமிஷம் அந்த இடம் நிரம்பிவிட்டது. மலை அள்ளி அள்ளிக் கொட்டிக்கொண்டே இருந்தது. இது நடக்காது என்று நினைத்தேன். மேஸ்திரிதான் ஒரு லாரியின் தார்ப்பாயை அவிழ்த்தார். "சுவரு கட்டணும் மேடம். ரெண்டு பக்கமும்." ஒரு லாரி, அடுத்த லாரி, எல்லா லாரிகளின் தார்ப்பாய்களும் வந்துவிட்டன. சாலையின் இரண்டு ஓரமும் ஆட்கள் வரிசையாக நின்று, தார்ப்பாயைத் தரையோடு அழுத்தி முட்டி உயரத்துக்குப் பிடித்தார்கள். காலையிலிருந்து என்னைத் திட்டித் தீர்த்த ஓட்டுநர்கள். மேலே நின்ற பஸ்ஸின் பயணிகள், வெள்ளைச் சட்டை போட்ட ஒருவர், பள்ளிச் சீருடையில் இரண்டு பெண்கள். மலைப் பக்கம் பிடித்தவர்களின் காலில் நண்டுகள் ஏறின, முதுகில்கூட ஏறின. ஒருத்தரும் கையை விடவில்லை. சுவருக்கு நடுவில் நாங்கள் பெருக்கினோம், செத்ததையும் உயிரோடிருந்ததையும்.

ஆம்புலன்ஸ் அந்தச் சந்துக்குள் நடை வேகத்தில் இறங்கியது. சைரன் இல்லை. துடைப்பச் சத்தம் மட்டும். கண்ணை மூடிப் படுத்திருந்த புயல் கண்ணைத் திறந்தார். "என்ன சத்தம் அது?" என்று கேட்டார். "பெருக்குறாங்க. பேசாம இருங்க" என்றார் செவிலியர்.

அவரை ஏற்றி, வண்டியைத் திருப்பி, அதே சந்தில் மேலே அனுப்பினோம். கணவாய்ப் பக்கம் அது மறைந்த பிறகுதான் தார்ப்பாய்களை இறக்கினோம். தேங்கி நின்ற நண்டுகள் மொத்தமும் மதகு திறந்த மாதிரி சாலையில் பாய்ந்து, கடந்து, கீழே போயின. அத்தனை பேரும் ஓரத்தில் நின்று பார்த்தோம். பெரியக்கா தன் புடவைத் தலைப்பில் தொங்கிக்கொண்டிருந்த ஒரு நண்டைப் பிரித்தெடுத்துப் போகிற திசையைப் பார்த்துக் கீழே விட்டார்.

நான் இதையெல்லாம் பார்த்தேனா?

நவம்பர் 2, சனி

விசாரணை. மண்டலம் நடுவில் உட்கார்ந்தார். அனுமதியில்லாமல் மூடியது ஒரு தவறு. மூடியதைச் சரியாகக் காவல் காக்காதது இன்னொரு தவறு. எப்படிப் பார்த்தாலும் நான்தான். மேஸ்திரி எழுந்து, கம்பத்தை விட்டு நகர்ந்தது தான்தான் என்றார். அங்கே அவரைத் தனியாக நிறுத்தியது நான் என்றேன். இது பதிவாகிறதா என்று மண்டலம் எழுத்தரைப் பார்த்தார்.

பெரியக்காவை யாரும் கூப்பிடவில்லை. அவரே வந்தார்.

"ஐயா, மொதல்ல இந்தப் பொண்ணத் திட்டினது நான்தான். இப்பவும் எங்களுக்கு ரோடு வேணும், ஒரு நாளும் விட்டுக்குடுக்க மாட்டோம். ஆனா நண்டு நடக்கறது காலையிலயும் சாயந்தரமும்தான். நடுப்பகல்ல ரோடு சும்மா கெடக்கு. நாங்க வலை இழுக்கற நேரத்த முன்னப் பின்ன மாத்திக்கிட்டு மத்தியானம் மீன அனுப்பறோம். ஐஸ் மெஷின மட்டும் ஓட வையுங்க."

மண்டலம் "பார்க்கலாம்" என்றார். அவர் பார்க்கலாம் என்றால் என்ன அர்த்தம் என்று அலுவலகத்தில் யாருக்கும் தெரியாது.

நவம்பர் 9, சனி

மருத்துவமனை. புயலின் காலில் கம்பி வைத்திருக்கிறார்கள். காலை எடுக்க வேண்டியதில்லை, ஆனால் வண்டி ஓட்டப் பல மாதம் ஆகும். பக்கத்தில் அவர் மனைவி. என்னிடம் மன்னிப்புக் கேட்கத் தொடங்கினார், நான் தடுத்துவிட்டேன்.

"மேடம், இந்த வார்டுல என்னைத் தூறல்னு கூப்பிடறாங்க" என்றார் புயல். சிரித்தோம். பிறகு மேலே பார்த்தபடியே சொன்னார்: "என் காலு போகுதுன்னு கெடந்தேன். தார்ப்பாய்க்கு அந்தப் பக்கம் ஒண்ணுமேல ஒண்ணு ஏறி எட்டிப் பாக்குதுங்க. அதுல ஒண்ணுகூடத் திரும்பிப் போகல. அதயே பாத்துக்கிட்டு இருந்தேன். வலி மறந்துபோச்சு."

நவம்பர் 21, வியாழன்

முட்டை விட்ட பெண் நண்டுகள் மலைக்குத் திரும்புகின்றன. மெலிந்து, மெதுவாக, சிறு கூட்டங்களாக. உத்தரவு எதுவும் வரவில்லை. மூடவும் சொல்லவில்லை, மூடாதே என்றும் சொல்லவில்லை. கீழ்ப் பக்கம் கம்பத்தைப் பெரியக்காவின் ஆட்கள் பார்த்துக்கொள்கிறார்கள். மீன் மத்தியானம் போகிறது.

குஞ்சுகள் எப்போது வரும் என்று கேட்டேன். "வந்தா உண்டு" என்றார் பெரியக்கா. "சில வருஷம் ஒண்ணுகூட வராது. எல்லாத்தையும் கடலே தின்னுடும்."

டிசம்பர் 14, சனி

மண்டலம் வந்தார். என்னை மாற்றுவதா வைத்திருப்பதா, சாலைக்கு அடியில் வழி விடுவதா வேண்டாமா — எல்லாவற்றையும் பார்த்துவிட்டுத்தான் எழுதுவாராம். கணவாயிலிருந்து அவருடைய ஜீப்பிலேயே இறங்கினோம். வழியெல்லாம் செலவைப் பற்றியே பேசிக்கொண்டு வந்தார்.

காட்டு வளைவுக்கு முன்னால் வண்டிகள் நின்றிருந்தன. கம்பம் இறக்கப்படவில்லை, மேஸ்திரியும் அங்கே இல்லை. தாங்களாகவே நின்றிருந்தார்கள். ஓட்டுநர்கள் இறங்கி, குந்தி உட்கார்ந்து, தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"என்ன, மறியலா?" என்று மண்டலம் கதவைத் திறந்தார். ஒரு காலைக் கீழே வைக்கப் போனவர், வைக்கவில்லை.

சாலை வெளிர் சிவப்பாக, தூசி படிந்த மாதிரி இருந்தது. தூசி நகர்ந்துகொண்டிருந்தது. ஒவ்வொன்றும் விரல் நகத்தைவிடச் சின்னது, உள்ளே ஒளி தெரிகிற அளவுக்கு மெல்லியது. கடலில் பிறந்து, மலை என்ற ஒன்றைப் பார்த்தே அறியாதவை, மலையை நோக்கி ஏறிக்கொண்டிருந்தன. தடுப்புச் சுவரின் செங்குத்தில் ஈரம் மேலே ஏறுவதுபோல் ஏறின. எவ்வளவு என்று சொல்ல என்னிடம் வார்த்தை இல்லை.

அவர் ஒரு கால் வண்டிக்குள், ஒரு கால் அந்தரத்தில், கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார். தாழ்ந்த குரலில், "எங்கம்மா கால் வைக்கிறது?" என்றார்.

"வைக்க வேண்டாம் சார். அப்படியே இருங்க."

அவருடைய போன் அடித்தது. அடித்து ஓய்ந்தது.

"எவ்வளவு நேரம் ஆகும்?"

"தெரியல சார்."

தலையை ஆட்டினார். காலை மெல்ல உள்ளே இழுத்துக்கொண்டு, ஓட்டுநரின் தோளைத் தொட்டு, இன்ஜினை அணைக்கச் சொன்னார். அணைந்த பிறகுதான் கேட்டது, காய்ந்த சருகின்மேல் ஒரு ஊரே நடக்கிற அந்தச் சத்தம்.